பவளம் டீச்சர் போட்ட நாலு மார்க்

பவளத்துக்குக் கோர்ட் நோட்டீஸ் வந்தது ஒரு செவ்வாய்க்கிழமை காலை, ப்ரேயர் முடிந்த கையோடு. உத்தனப்பள்ளிப் பக்கத்தில் ஓர் அரசுப் பள்ளியில் அவள் பகுதிநேர இசை ஆசிரியை. வாரத்தில் மூன்று அரை நாள் வேலை. தபால்காரர் கையெழுத்து வாங்கிக்கொண்டு உறையைக் கொடுத்தபோது, பணி நிரந்தரம் கேட்டுப் பகுதிநேர ஆசிரியர் சங்கம் போட்டிருந்த வழக்கில் ஏதோ நல்ல சேதி என்றுதான் நினைத்தாள். தலைமை ஆசிரியர் அறைக்குப் போய், அவர் முன்னாலேயே பிரித்தாள்.

உயர் நீதிமன்றத்திலிருந்து வந்த ரிட் மனுவின் நகல் அது. மனுதாரர், மைனர் சரிதா, எட்டாம் வகுப்பு. அவள் சார்பில் தாயார் கெம்பம்மா, ஜவளகிரி. எதிர்மனுதாரர்கள் ஆறு பேர். முதல் மூன்று பேர் பெரிய அதிகாரிகள். அடுத்த மூன்று பேர் பாட்டுப் போட்டியின் நடுவர்கள். ஆறாவதாக அவள் பெயர்.

தலைமை ஆசிரியர் கண்ணாடியை ஏற்றிவிட்டுப் படித்தார். "என்ன டீச்சர் பண்ணீங்க?"

"பாட்டுப் போட்டிக்கு மார்க் போட்டேன் சார்" என்றாள் பவளம்.

பவளத்தின் ஊர் முசிறிப் பக்கம். அப்பா வாழை போட்டிருந்தார். பிளஸ் டூ முடித்ததும் திருச்சி இசைப்பள்ளியில் மூன்று வருஷம் குரலிசை படித்தாள். ஏழு பேர் படித்த வகுப்பில் பாட்டை வேலையாக்கிக்கொண்டவர்கள் இரண்டு பேர். ஒருத்தி கோயிலில் ஓதுவாராக இருக்கிறாள், இன்னொருத்தி பவளம். கல்யாணமாகி ஓசூருக்கு வந்தாள். கணவன் ராஜேஷ்குமார் சிப்காட்டில் பிரேக் உதிரிபாகம் செய்கிற கம்பெனியில் தர ஆய்வுப் பிரிவில் இருக்கிறான். வந்த மூன்றாம் வருஷம் பகுதிநேர வேலை கிடைத்தது. அன்றிலிருந்து காலை பஸ்ஸில் ராயக்கோட்டை ரோடு, மத்தியானம் திரும்பல்.

இத்தனை வருஷத்தில் அவள் கன்னடம் படிக்கவில்லை. கடைக்காரர் தமிழில் பேசுவார். எதிர்வீட்டம்மா தெலுங்கில் ஆரம்பித்தாலும் இவள் முகத்தைப் பார்த்ததும் தமிழுக்கு வந்துவிடுவாள். பஸ்ஸில் பின்சீட்டுக்காரர்கள் ஒரு பேச்சுக்குள்ளேயே மூன்று மொழிக்கும் போய் வருவார்கள். அவள் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு வருவாள். தெரியாததால் ஒரு குறையும் வந்ததில்லை. அந்த நவம்பர் வரைக்கும்.

நவம்பர் முதல் வாரத்தில் கிருஷ்ணகிரியில் மாவட்ட அளவிலான பள்ளிக் கலைப் போட்டிகள் நடந்தன. நாட்டுப்புறப் பாட்டு, தனிநபர், ஆறு முதல் எட்டாம் வகுப்பு வரை. நடுவர்கள் மூன்று பேர். பவளம் ஒருத்தி; ஓய்வு பெற்ற இசை ஆசிரியர் ரத்தினவேல் இன்னொருவர்; மூன்றாமவர் ஒரு கல்லூரி ஆசிரியர். நடுவர்கள் ஒருவரோடொருவர் பேசக் கூடாது என்று மூன்று மேசைகளைத் தள்ளித் தள்ளிப் போட்டிருந்தார்கள். மதிப்பெண் தாளில் நாலு கட்டம்: சுருதி, தாளம், சொல்லும் பொருளும், மேடை வெளிப்பாடு. ஒவ்வொன்றுக்கும் இருபத்தைந்து. இருபத்து மூன்று பிள்ளைகள். எல்லாப் பாட்டையும் வீடியோ எடுத்தார்கள்.

பதினெட்டாவதாக ஒரு பெண் வந்தாள். பச்சைப் பாவாடை, இரட்டைப் பின்னல், காலில் செருப்பில்லை. மைக்கைச் சரிசெய்யக்கூட இல்லை. அப்படியே நின்று பாடத் தொடங்கினாள். பாட்டு கன்னடம். மேல் ஸ்தாயிக்குப் போகும்போது குரல் கொஞ்சமும் நடுங்கவில்லை. பவளம் சுருதிக் கட்டத்தில் இருபத்திரண்டு போட்டாள். தாளத்துக்கும் இருபத்திரண்டு. மேடைக்கு இருபது. சொல்லும் பொருளும் என்ற கட்டத்தில் பேனா நின்றது.

என்ன சொல்லுகிறது பாட்டு? தாலாட்டா, நடவுப் பாட்டா, ஒப்பாரியா? அந்தப் பெண் இரண்டு இடத்தில் கையை நீட்டினாள், ஒரு இடத்தில் சிரித்தாள். அதை வைத்து ஒன்றும் பிடிபடவில்லை. பத்தொன்பதாவது பிள்ளை மேடையேறிவிட்டது. பவளம் அந்தக் கட்டத்தில் நாலு என்று எழுதித் தாளைப் புரட்டினாள்.

அந்தப் பெண்தான் சரிதா. மொத்தம் முந்நூறுக்கு இருநூற்று இருபத்தேழு வாங்கி நாலாவதாக வந்தாள். முதலில் வந்தது மத்தூர்ப் பக்கத்துப் பெண், இருநூற்று நாற்பத்து மூன்று. முதல் பரிசுக்காரி மட்டும்தான் ஜனவரியில் நடக்கிற மாநிலப் போட்டிக்குப் போக முடியும்.

கெம்பம்மா மேல்முறையீடு எழுதிக் கொடுத்தாள். மதிப்பெண் தாளைக் காட்டினார்கள். மற்ற இரண்டு நடுவர்கள் அந்தக் கட்டத்தில் பதினெட்டும் பதினேழும் போட்டிருக்க, ஒருத்தர் மட்டும் நாலு போட்டிருப்பதை அவள் பார்த்தாள். பத்து நாள் கழித்து ஒரு வரியில் பதில் வந்தது. நடுவர் தீர்ப்பே இறுதியானது. சரிதாவின் பள்ளி ஆசிரியர் ஒருவர் தளியில் இருந்த ஒரு வக்கீலிடம் கூட்டிக்கொண்டு போனார். அவர் காசு வாங்காமல் மனுப் போட்டார்.

நோட்டீஸ் வந்த அதே வாரம், போட்டிகளின் ஒருங்கிணைப்பாளர் ஜெகதீஷ் பள்ளிக்கே பைக்கில் வந்துவிட்டார். நல்ல மனிதர்தான். போட்டி நாளில் நடுவர்களுக்குத் தண்ணீர்ப் பாட்டில் வைத்ததிலிருந்து பிள்ளைகளுக்குச் சாப்பாடு வந்ததா என்று பார்த்ததுவரை எல்லாவற்றுக்கும் அவரே ஓடினார். இப்போது கையில் டைப் செய்த இரண்டு பக்கம் இருந்தது.

"மேடம், ஒண்ணும் பயப்பட வேணாம். மூணு ஜட்ஜும் ஒரே மாதிரி பதில் குடுத்துட்டா கேஸ் நிக்காது. மத்த ரெண்டு பேர் கையெழுத்துப் போட்டுட்டாங்க. நீங்களும் போட்டுட்டா இன்னிக்கே அனுப்பிடலாம்."

பவளம் படித்தாள். மனுதாரரின் பாடலில் சுருதி விலகலும் உச்சரிப்புத் தெளிவின்மையும் இருந்தபடியால் தகுதியின் அடிப்படையிலேயே மதிப்பெண் வழங்கப்பட்டது என்று இருந்தது.

"சார், சுருதிக்கு நான் இருபத்திரண்டு போட்டிருக்கேன். அன்னிக்குப் பாடின இருபத்து மூணு பேர்ல அதுக்கு மேல நான் ரெண்டு பேருக்குத்தான் போட்டேன்."

"அது சரி மேடம். உச்சரிப்புன்னு வேணா வெச்சிக்கலாம். சுருதிய எடுத்துடறேன்."

"உச்சரிப்பு சரியா தப்பான்னு எனக்கு எப்படி சார் தெரியும்? எனக்குக் கன்னடமே தெரியாதே."

ஜெகதீஷ் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார். "மேடம், இத இப்படி வெளிய சொல்லாதீங்க. கன்னடப் பொண்ணுன்னு வேணும்னே மார்க்கக் கொறச்சாங்கன்னு பேப்பர்ல போட்டுடுவான். பார்டர் ஊரு இது. என்னாத்துக்கு வம்பு? நீங்க வேற பார்ட் டைம். டிபார்ட்மென்ட் பேர் கெட்டா உங்களத்தான் மொதல்ல பார்ப்பாங்க."

அவர் மிரட்டவில்லை, நடக்கக்கூடியதைச் சொன்னார். பவளத்துக்கும் அது தெரிந்தது. இரண்டு நாள் டைம் கேட்டு, தாளை வாங்கி வைத்துக்கொண்டாள்.

அன்று சாயங்காலம் ரத்தினவேலுக்கு போன் போட்டாள். அவரும் சேலத்துக்காரர், கன்னடம் தெரியாதவர்.

"சார், நீங்க அந்தக் கட்டத்துக்குப் பதினெட்டு போட்டிருக்கீங்க. பாட்டு உங்களுக்குப் புரிஞ்சிதா?"

அவர் சிரித்தார். "புரியாமத்தாம்மா போட்டேன். முப்பது வருஷமா ஜட்ஜா போறேன். புரியலைன்னா பதினஞ்சுக்கு மேல ஒரு நம்பரைப் போட்டுட்டு நகந்துடணும். யாரும் கேக்க மாட்டாங்க. நீ கொறச்சுப் போட்டதுதான் தப்பு."

பவளம் போனை வைத்தபின் அதையே நினைத்துக்கொண்டிருந்தாள். அவர் சொன்னதில் உண்மை இருந்தது. அவரும் அர்த்தம் கேட்டுவிட்டுப் போடவில்லை, இவளும் கேட்டுவிட்டுப் போடவில்லை. ஆனால் பதினெட்டால் யாருக்கும் அடிபடவில்லை.

ராஜேஷ்குமார் ஷிப்ட் முடிந்து வந்ததும் அவனிடம் எல்லாம் சொன்னாள். அவன் டைப் செய்த தாளை இரண்டு முறை படித்தான்.

"ட்ராயிங் இல்லாம ஒரு பார்ட்டை டேபிள்ல வெச்சா நான் செக் பண்ண மாட்டேன். ட்ராயிங் குடுன்னு திருப்பி அனுப்பிடுவேன். நீ ஏன் கேக்கலை?"

"கேக்கலை. அவ்ளோதான்."

"அப்ப அதையே எழுது. இதுல கையெழுத்துப் போடாத. நாளைக்கு அந்த வீடியோவ கோர்ட்ல போட்டுப் பார்த்தா, சுருதி விலகல்னு எழுதினவங்க மூஞ்சி எங்க போகும்?"

"வேலை போயிட்டா?"

"போனாப் பார்க்கலாம்" என்றான். ஆனால் சாப்பிடும்போது அவன் தட்டையே பார்த்துக்கொண்டிருந்ததை அவள் கவனித்தாள். மகள் ஒன்பதாம் வகுப்பு. வீட்டு லோன் இன்னும் பாதிகூட முடியவில்லை.

மறுநாள் ஓசூர் கோர்ட்டுக்கு எதிரில் இருந்த சத்யப்ரியா என்ற வக்கீலிடம் போனாள். கூட வேலை பார்க்கிற அறிவியல் டீச்சரின் தங்கை அவள். முப்பது வயதுகூட இருக்காது. கட்டுக்கட்டாக இருந்த ஃபைல்களை ஒதுக்கிவிட்டு, பவளம் சொன்னதை முழுக்கக் கேட்டாள். பிறகு ஒரே ஒரு கேள்வி கேட்டாள்.

"புரியலைன்னு சொல்றீங்க. அப்ப அந்த நாலு எங்கருந்து வந்துச்சு? ஏன் பத்து இல்ல? ஏன் ஒண்ணு இல்ல?"

பவளம் யோசித்தாள். இதுவரை அவளே தன்னைக் கேட்டுக்கொள்ளாத கேள்வி.

"பூஜ்யம்தான் போட நெனச்சேன். எனக்கு ஒண்ணும் விளங்கலையே, எப்படி மார்க் போடறதுன்னு. ஆனா சின்னப் பொண்ணு, பூஜ்யத்தைப் பார்த்தா மனசு ஒடிஞ்சிடுமேன்னு நாலு போட்டேன்."

சத்யப்ரியா பேனாவைக் கீழே வைத்தாள். "இதை இப்படியே எழுதணும் மேடம். நான் இங்கிலீஷ்ல மாத்தித் தரேன். ஒரு வார்த்தை கூட்டவும் மாட்டேன், குறைக்கவும் மாட்டேன்."

"ரத்தினவேல் சார் சொன்னதை எழுதணுமா?"

"நீங்க போட்ட மார்க்குக்கு நீங்க பதில் சொல்லுங்க. அவர் போட்டதுக்கு அவர் சொல்லட்டும்."

அப்படியே பிரமாணப் பத்திரம் தாக்கலானது. விஷயம் தெரிந்ததும் ஜெகதீஷ் போனில் அழைத்து, "ஏன் மேடம் இப்படிப் பண்ணிட்டீங்க?" என்று மட்டும் கேட்டார். அதற்குப் பிறகு அவர் அழைக்கவேயில்லை.

விசாரணை டிசம்பர் மூன்றாம் வாரம். நேரில் வரத் தேவையில்லை என்று சத்யப்ரியா சொல்லியும் பவளம் போனாள். தன் பெயரை வைத்து அங்கே என்ன பேசுகிறார்கள் என்று காதால் கேட்காமல் வீட்டில் உட்கார்ந்திருக்க முடியாது என்று தோன்றியது. முந்தின நாள் காலையே இருவரும் பஸ் ஏறி, பெரம்பூரில் சத்யப்ரியாவின் சித்தி வீட்டில் தங்கினார்கள்.

வழக்கு பட்டியலில் நாற்பத்து மூன்றாவது. மத்தியானம்தான் வரும் என்றார்கள். கோர்ட் ஹாலுக்கு வெளியே பெஞ்சில் இடமில்லாமல் பவளம் சுவரோரம் நின்றாள். பக்கத்தில் ஒரு பெண் துணிப்பையை மடியில் வைத்துத் தரையிலேயே உட்கார்ந்திருந்தாள். நாற்பது வயது இருக்கும். வெயிலில் நின்று நின்று காய்ந்த கை. அவள் பையிலிருந்த காகிதத்தில் சரிதா என்ற பெயர் தெரிந்தது.

பவளத்துக்கு அங்கிருந்து போய்விடலாமா என்றிருந்தது. போகவில்லை. பக்கத்தில் குந்தி உட்கார்ந்தாள்.

"நீங்க சரிதாவோட அம்மாங்களா?"

"ஆமா. நீங்க?"

"நான்தான் அந்த நாலு மார்க் போட்டது."

கெம்பம்மா அவளை மேலும் கீழும் பார்த்தாள். சண்டைக்கு வருவாள் என்று பவளம் எதிர்பார்த்தாள். அவள் கேட்டது வேறு.

"எம் மகளு பாடினது அவ்ளோ மோசமா மேடம்?"

"இல்லைங்க. ரொம்ப நல்லாப் பாடினா. எனக்குத்தான் கன்னடம் தெரியல."

"கன்னடம் தெரிஞ்சவங்க யாரையாச்சும் கேட்டிருந்தா, அர்த்தம் சொல்லியிருப்பாங்களே. அவளே சொல்லியிருப்பாளே. அவ தமிழு பேசுவா, தெலுங்கும் பேசுவா."

"அது என்ன பாட்டுங்க?" என்று பவளம் கேட்டாள்.

கெம்பம்மா துணிப்பையை இறக்கி வைத்தாள். "அது ஆனைப் பாட்டு மேடம். எங்க கொல்லை காட்டை ஒட்டி இருக்குது. கேவுரு வெளையற நாள்ல ஆனை எறங்கும். காவல் பரண்ல ஒக்காந்துகினு ஆனைகிட்டப் பேசற மாதிரி பாடுவோம். நீயும் புள்ளக்காரி, நானும் புள்ளக்காரி, இன்னிக்கு இந்தப் பக்கம் வராத, அறுத்த பொறவு கேவுருத் தட்டை எல்லாம் ஒனக்குத்தான்னு சொல்ற பாட்டு. கையை நீட்டறாளே, அது வரப்பைக் காட்டறது. சிரிக்கறது, ஆனை போயிடுச்சுன்னு."

கேவுரு என்றால் கேழ்வரகு என்பது மட்டும் பவளத்துக்கு முன்பே தெரியும். மற்றதெல்லாம் இப்போதுதான் புரிந்தது. அந்தப் பெண் கையை நீட்டியதும் சிரித்ததும் கண்முன் வந்தன. அன்றைக்கே இது தெரிந்திருந்தால் என்ன மார்க் போட்டிருப்போம் என்று தன்னையறியாமல் மனசுக்குள் கணக்குப் போட்டாள்.

"இப்பப் பாடறாளா?"

"எங்க பாடறா? தமிழுப் பாட்டு பாடாததுதான் தப்புன்னு நெனச்சிகினா. மார்க்கு போனதுகூட எனக்குப் பெருசு இல்ல. வூட்டுல மாடு கறக்கும்போதுகூட வாயைத் தொறக்க மாட்டேங்கறா. அதுக்குத்தான் இவ்ளோ தூரம் வந்தேன்."

பவளம் தலையைக் குனிந்துகொண்டாள். பேச நினைத்த மன்னிப்பு வார்த்தைகள் எல்லாம் அந்த இடத்தில் சின்னதாக இருந்தன. கடைசியில், "தண்ணி குடிக்கிறீங்களா?" என்று மட்டும் கேட்டுப் பாட்டிலை நீட்டினாள். கெம்பம்மா வாங்கிக் குடித்தாள்.

மூன்று மணிக்கு வழக்கு வந்தது. நீதிபதி ஒரு பெண். அரசுத் தரப்பு வக்கீல் எழுந்து, கலையில் யார் சிறந்தவர் என்று கோர்ட் முடிவு செய்ய முடியாது, நடுவர் தீர்ப்பே இறுதி என்று விதியில் இருக்கிறது, நடுவர்கள் யாரும் மனுதாரருக்கு வேண்டாதவர்கள் இல்லை என்று வரிசையாகச் சொன்னார். நீதிபதி ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினார். கெம்பம்மாவின் முகம் வாடியது.

பிறகு நீதிபதி ஒரு தாளைத் தூக்கிக் காட்டினார். "ஆறாவது எதிர்மனுதாரரே பாட்டு புரியலைன்னு எழுதிக் குடுத்திருக்காங்களே. அவங்க வந்திருக்காங்களா?"

சத்யப்ரியா கையைக் காட்ட, பவளம் பின்வரிசையிலிருந்து முன்னால் வந்தாள்.

"நீங்க எழுதினதுதானா இது? யாராவது சொல்லி எழுதினீங்களா?"

"நானே சொன்னதும்மா. வக்கீல் இங்கிலீஷ்ல எழுதினாங்க."

"புரியலைன்னு அப்பவே யாரையாவது கேட்டிருக்கலாமே. ஏன் கேக்கலை?"

"கூச்சமா இருந்துச்சும்மா. ஜட்ஜுன்னு கூப்பிட்டு ஒக்கார வெச்சிருக்காங்க. எனக்குத் தெரியலைன்னு எழுந்து நின்னு எப்படிச் சொல்றதுன்னு இருந்துட்டேன்."

ஹாலில் இரண்டு பேர் சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. "சரி, போய் உக்காருங்க" என்றார்.

அப்புறம் அங்கேயே உத்தரவைச் சொல்லத் தொடங்கினார். சத்யப்ரியா காதோரம் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தாள். யார் நன்றாகப் பாடினார்கள் என்று சொல்வது இந்தக் கோர்ட்டின் வேலை இல்லை. நடுவர் இருபது போட்டாரா பதினைந்து போட்டாரா என்று கோர்ட் பார்க்காது. நடுவர் தப்பாகக் கணித்தாலும் அது அவர் கணிப்பு. ஆனால் இங்கே ஒரு கட்டத்தில் கணிப்பே நடக்கவில்லை என்று நடுவரே சொல்கிறார். கன்னடத்தில் பாடக் கூடாது என்று விதி எதுவும் இல்லை. தீர்ப்பே இல்லாத இடத்தில் இறுதித் தீர்ப்பு என்று எதைச் சொல்வது? எனவே ஆறாவது எதிர்மனுதாரர் போட்ட அந்த ஒரு கட்டத்தை மட்டும், கன்னடம் தெரிந்த இசை ஆசிரியர் ஒருவர் வீடியோவைப் பார்த்து, பத்து நாளுக்குள் மறுபடி மதிப்பிட வேண்டும். மற்றது எதையும் தொடக் கூடாது. நடுவர் மேல் நடவடிக்கை எதுவும் தேவையில்லை. அவர் சொன்னதால்தான் விஷயம் தெளிவானது.

வெளியே வந்ததும் கெம்பம்மாவுக்கு அவளுடைய வக்கீல் கன்னடத்தில் விளக்கினார். அவள் பவளத்திடம் வந்து போன் நம்பர் வாங்கிக்கொண்டாள். "என்ன வந்தாலும் சொல்றேன்" என்றாள்.

டிசம்பர் கடைசியில் அழைப்பு வந்தது. பவளம் பள்ளியில் அரையாண்டுத் தேர்வு மேற்பார்வையில் இருந்தாள். வெளியே வந்து எடுத்தாள்.

"பதினேழு போட்டிருக்காங்க மேடம். மொத்தம் இருநூத்தி நாப்பது. ரெண்டாவது."

முதல் பரிசுக்கு இன்னும் மூன்று மார்க் வேண்டும். மாநிலப் போட்டிக்கு மத்தூர்ப் பெண்தான் போவாள். பவளத்துக்கு, இத்தனையும் செய்து கடைசியில் சரிதா போகவில்லையே என்று இருந்தது. கூடவே இன்னொன்றும் தோன்றியது, அதை அவள் வாய்விட்டுச் சொல்லவில்லை. மத்தூர்ப் பெண் பாடியதை அவளும் கேட்டவள்தான். அந்தப் பெண்ணின் குரல் அன்று ஒரு படி மேலேதான் இருந்தது.

"மன்னிச்சிக்குங்க கெம்பம்மா. முதல்ல வந்திருந்தா..."

"அது பரவால்ல மேடம். மூணு மார்க்குல போனா அது அவ வாங்கின மார்க்கு. ரெண்டாவதுன்னு சர்ட்டிபிகேட்டு குடுத்தாங்க. ஸ்கூல்ல எல்லாரும் கை தட்டினாங்க. நேத்து சாயங்காலம் மாட்டுக்குத் தண்ணி காட்டிகினே ஏதோ முணுமுணுத்தா. நான் ஒண்ணும் கேக்கல. கேட்டா நிறுத்திடுவா."

கேவுரு அறுப்பு முடிந்ததா என்று பவளம் கேட்டாள். முடிந்தது, இந்த வருஷம் ஒரு நாள்தான் ஆனை வந்தது என்றாள் கெம்பம்மா.

பவளத்தின் வேலை போகவில்லை. ஆனால் சில சின்ன விஷயங்கள் நடந்தன. ஆசிரியர் கூட்டத்தில் அவள் வந்தால் பேச்சு கொஞ்சம் நின்று தொடரும். "கோர்ட்டுக்குப் போன டீச்சர்" என்று ஒரு பெயர் ஒட்டிக்கொண்டது. வழக்குப் போட்டவளே அவள்தான் என்று நினைத்தவர்கள்கூட உண்டு. அடுத்த வருஷம் போட்டி விதிகளில் புதிதாக ஒரு வரி சேர்ந்தது: நடுவருக்குத் தெரியாத மொழியில் பாடினால் அம்மொழி அறிந்தவர் ஒருவர் உடனிருக்க வேண்டும். அதே சுற்றறிக்கையின் கடைசிப் பக்கத்தில் நடுவர் பட்டியல் இருந்தது. ரத்தினவேல் பெயர் இருந்தது. பவளம் பெயர் இல்லை. அவள் பட்டியலை மேலிருந்து கீழாக இரண்டு முறை பார்த்தாள். வருத்தமாகத்தான் இருந்தது. அந்த ஒரு நாள் நல்ல புடவை கட்டிப் போவதும், மேசையில் பெயர்ப் பலகை வைத்து, டீ கொடுத்து அவர்கள் உட்கார வைப்பதும் அவளுக்குப் பிடித்திருந்தன என்பதை அப்போதுதான் ஒப்புக்கொண்டாள்.

பள்ளி அளவிலான போட்டிக்கு மட்டும் அவளேதான் நடுவர். வேறு இசை ஆசிரியர் இல்லை. அந்த அக்டோபரில், மத்தியானச் சாப்பாட்டுக்கு முன்னால், ஏழாம் வகுப்புப் பெண் ஒருத்தி தெலுங்குப் பாட்டோடு வந்து நின்றாள். எதிர்வீட்டில் பதினைந்து வருஷமாகக் கேட்டும் பவளத்துக்குத் தெலுங்கிலும் நாலு வார்த்தைக்கு மேல் தெரியாது.

"ஒரு நிமிஷம் இரும்மா" என்று சொல்லிவிட்டு, அவள் எழுந்து சத்துணவுக் கூடத்துக்குப் போனாள். சமையலர் ருக்மணி கத்தரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். அவளுக்கு வீட்டு மொழி தெலுங்கு.

"ருக்மணி, கொஞ்சம் வந்து எம் பக்கத்துல உக்காரு. இந்தப் பொண்ணு பாடறது எனக்குப் புரியாது. நீ சொல்லணும்."

"நானா? நான் சமையல்காரி டீச்சர், எனக்குப் பாட்டெல்லாம் என்ன தெரியும்?"

"பாட்டு நான் பார்த்துக்கறேன். நீ அர்த்தம் மட்டும் சொல்லு."

பிள்ளைகள் எல்லோரும் பார்க்க, ருக்மணி கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு வந்து நாற்காலி நுனியில் உட்கார்ந்தாள். அந்தப் பெண் பாடினாள். இரண்டாவது சரணத்தில் ருக்மணிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"என்ன சொல்றா?" என்று பவளம் குசுகுசுத்தாள்.

"மாமியா வூட்டுக்கு வந்த மருமவனக் கிண்டல் பண்றாங்க டீச்சர். அவன் சாப்பிடறதப் பார்த்துக் கோழியெல்லாம் கூரை மேல ஏறிடுச்சாம். ஆனா புள்ள ஒரு வரிய முழுங்கிடுச்சு. அதுல ஒரு கெட்ட வார்த்தை வரும், அதான் வெக்கப்பட்டு விட்டுடுச்சு."

பவளம் அந்தக் கட்டத்தில் பத்தொன்பது என்று எழுதினாள். பிறகு பாடிய பெண்ணைக் கூப்பிட்டு, விட்ட வரிக்கு வேறு வார்த்தை ஏதாவது இருக்கிறதா என்று அம்மாவிடம் கேட்டு வரச் சொன்னாள். ருக்மணி அதற்குள் எழுந்து அடுப்பைப் பார்க்க ஓடிவிட்டாள். அடுத்த பிள்ளை மேடையேறியது.